மாடிக்கு வரும் சிறு அந்துப்பூச்சிகள்: பார்ப்பது முதல் பெயர் கண்டுபிடிப்பது வரை

அந்துப்பூச்சி பார்க்கப் புதிதாக வருகிறவர்கள் எல்லாரும் ஒரே இடத்தில்தான் தடுக்கி விழுகிறார்கள். சுவரில் ஒரு பூச்சி தெரிந்ததும் நின்ற இடத்திலிருந்தே ஒரு படம். உடனே படத்தைப் பார்த்துப் பெயர் சொல்லும் செயலியில் ஏற்றி, அது சொல்லும் முதல் பெயரை எழுதிக்கொள்கிறார்கள். அதற்குள் பூச்சி பறந்திருக்கும். பெயர் தப்பாக இருந்தால் சரிபார்க்கக் கையில் ஒன்றும் மிச்சம் இருக்காது. பெயர் கடைசியில் வர வேண்டியது. செடி, நாள், துணி, படம், அளவு, குறிப்பு எல்லாம் முடிந்த பிறகு.

கீழே இருப்பவை பெங்களூர் பானஸ்வாடியில் ஒரு வாடகை வீட்டு மொட்டை மாடியில், பதினைந்து தொட்டிச் செடிகளுக்கு நடுவே செய்து பார்த்தவை. இரவில் ஒரு வெள்ளைத் துணியைக் கட்டி விளக்குப் போட்டு, அதைத் தேடி வந்து உட்காரும் பூச்சிகளைப் பார்ப்பதுதான் முறை. இறக்கையை விரித்தாலும் இரண்டரை சென்டிமீட்டருக்குள் அடங்கும் சின்னப் பூச்சிகள்தான் நம் குறி. பெரியவை வந்தால் வரட்டும், பார்க்கலாம்.

1. முதலில் பகலில் செடியைப் பாருங்கள்

விளக்கு வாங்குவதற்கு முன் ஒரு வாரம் காலையில் செடிகளை மட்டும் பாருங்கள். சிறு அந்துகளில் பலவற்றின் புழுக்கள் குறிப்பிட்ட சில செடிகளை மட்டுமே தின்னும். எந்தச் செடியில் என்ன நடக்கிறது என்று தெரிந்தால், இரவில் வரும் பூச்சியின் பெயரில் பாதி வேலை முடிந்துவிடும்.

கீரைத் தொட்டியில் தண்ணீர் ஊற்றும்போது குபுக்கென்று கிளம்பி இரண்டடி தள்ளி உட்காரும் பூச்சியைக் கவனியுங்கள். கரும்பழுப்பு நிறம், இறக்கைகளின் குறுக்கே வெள்ளைப் பட்டை. அது ஸ்போலாடியா ரிகர்வாலிஸ். அதன் புழு கீரை இலையை நூலால் மடித்து ஒட்டி, உள்ளே இருந்து சுரண்டித் தின்னும். சல்லடையான இலையைப் பிரித்தால் பச்சைப் புழு இருக்கும்.

கத்தரிச் செடியின் நுனித்தண்டு மட்டும் வாடித் தொங்கினால், உள்ளே காய்த்துளைப்பான் புழு இருக்க வாய்ப்பு அதிகம். அதன் அந்து வெள்ளை நிறம், இறக்கையில் பழுப்பும் இளஞ்சிவப்புமாகத் திட்டுகள். வாலை மேலே தூக்கி உட்கார்ந்திருக்கும் தோரணையிலேயே பிடித்துவிடலாம். பாகல், வெள்ளரிக் கொடிகளில் வேறொன்று: நடுவில் பளபளக்கும் வெள்ளை, ஓரமெல்லாம் கரும்பழுப்பு, வால் நுனியில் சின்ன பிரஷ் போன்ற குஞ்சம். டயஃபானியா இண்டிகா.

அவரைப் பந்தல் இருந்தால் நீங்கள் கொடுத்துவைத்தவர். மார்கழி, தை மாதங்களில் ஊரெல்லாம் பிதுக்கம் பருப்பு உரித்துக்கொண்டிருக்கும்போது பந்தலில் 'டி' எழுத்தைப் போல ஒல்லியாக நிற்கும் இறகு அந்துகளைத் தேடுங்கள். காய்ந்த புல் துணுக்கு என்று பலரும் கடந்து போய்விடுவார்கள்.

ஒரு எச்சரிக்கை. செடிக்கு மருந்து அடித்திருந்தால் குறைந்தது இரண்டு வாரம் பொறுங்கள். வேப்பெண்ணெய்க் கரைசலும் இந்தக் கணக்கில் சேரும்.

2. முன்கூட்டியே எடுத்துவைக்க வேண்டியவை

துணிக்குப் பழைய நாலு முழ வேட்டி போதும். பருத்தியாக இருக்கட்டும், பாலியெஸ்டரில் சின்னப் பூச்சிகளுக்குக் கால் பிடிமானம் கிடைக்காது. சலவைத்தூள் போட்டுத் துவைத்ததாக இருந்தால் இன்னும் நல்லது. தூளில் சேர்க்கப்படும் வெண்மையூட்டிகள் புற ஊதா ஒளியை வாங்கி நீல ஒளியாகத் திருப்பித் தரும், துணி முழுக்க ஒரு விளக்காகிவிடும்.

விளக்குக்குப் புற ஊதா எல்.இ.டி. பல்பு ஒன்று. பெங்களூரின் மின்சாதனக் கடைத்தெருவான எஸ்.பி. ரோடு பக்கம் கேட்டால் கிடைக்கும். அலைநீளம் 365 நானோமீட்டர் உள்ளது கிடைத்தால் சரி, இல்லையென்றால் 395 போதும். கூடவே சாதாரண வெள்ளை எல்.இ.டி. ஒன்று, படம் எடுக்க வெளிச்சம் வேண்டுமே. மஞ்சள் நிறப் பல்பு வேண்டாம், அதற்குப் பூச்சிகள் அவ்வளவாக வராது. காட்டோரம் வேலை செய்கிறவர்கள் 160 வாட் மெர்குரி பல்பு போடுவார்கள். அடுக்கடுக்காக வீடு இருக்கும் தெருவில் அது அக்கம்பக்கத்தார் தூக்கத்தைக் கெடுக்கும், சூடான கண்ணாடியில் தூறல் பட்டால் வெடிக்கவும் செய்யும். நான் வைத்துக்கொள்வதில்லை.

மற்றவை: துணி கிளிப்புகள், டார்ச், அதன் முகத்தில் கட்டச் சிவப்புக் கண்ணாடித்தாள், குங்குமம் வரும் சின்ன பிளாஸ்டிக் டப்பாக்கள் நாலைந்து, கிராஃப் தாள், நோட்டு, பென்சில். சிவப்பு வெளிச்சம் அந்துகளின் கண்ணில் அவ்வளவாகப் படாது, அதனால் கிட்டே போக முடியும். பென்சில் ஏன் என்றால் தூறலில் பேனா மை கலைந்துவிடும்.

எக்ஸ்டென்ஷன் பெட்டியைத் தரையில் வைக்காதீர்கள். ஸ்டூலின் மேல் வைத்து ஒரு பக்கெட்டைக் கவிழ்த்து மூடுங்கள்.

அப்புறம், வீட்டு ஓனரிடமும் கீழ்வீட்டாரிடமும் முன்னதாகச் சொல்லிவிடுங்கள். முதல் நாள் நான் சொல்லாமல் செய்தேன். எட்டு மணிக்கு ஓனரம்மா மேலே வந்து, "ஏனம்மா இது, ராத்திரியில வேட்டி காயப் போட்டு அதுக்கு ஊதா லைட் வேற?" என்றார். விளக்கிச் சொல்ல அரை மணி நேரம் ஆனது. அந்த அரை மணியில்தான் நல்ல பூச்சிகள் வந்து போயின.

3. நாளைத் தேர்ந்தெடுப்பது

தினசரி காலண்டரில் அமாவாசை எப்போது என்று பாருங்கள். அதற்கு முன்னும் பின்னும் ஐந்து நாட்கள் உங்களுடையவை. பௌர்ணமி வெளிச்சத்தில் விளக்கின் இழுப்பு குறைந்துவிடும். மேகம் நன்றாக மூடியிருந்தால் மட்டும் இந்தக் கணக்கைத் தளர்த்தலாம்.

நிலவை விடக் காற்றுதான் பெரிய எதிரி. சிறு அந்துகள் காற்றடித்தால் செடியை விட்டுக் கிளம்பவே கிளம்பாது. ஜூலை கடைசி வாரம் உலகெங்கும் அந்துப்பூச்சி வாரம் என்று கொண்டாடுகிறார்கள், 2012 முதல் நடக்கிறது. ஆனால் பெங்களூர் மொட்டை மாடிக்கு அது சுமாரான நேரம்தான். ஆடிக்காற்று வேட்டியைக் கொடி போலப் பறக்கவிடும். என் அனுபவத்தில் கோடை மழை பெய்து ஓய்ந்த மே மாதக் கடைசியும், செப்டம்பர், அக்டோபரும் நல்லவை. பகலில் மழை, மாலையில் புழுக்கம், காற்றே இல்லை என்றால் அன்று வேறு வேலை வைத்துக்கொள்ளாதீர்கள்.

4. துணி கட்டுதல்

செடிகளுக்கும் சுவருக்கும் நடுவே, காற்று மறைவான பக்கம் துணி காயப்போடும் கொடியில் வேட்டியைக் கட்டுங்கள். கீழ் ஓரம் தரையைத் தொட்டு, இன்னும் ஒரு முழம் முன்னால் விரிந்து கிடக்கட்டும். சிறு அந்துகள் விளக்கைச் சுற்றிவிட்டுச் சொத்தென்று கீழே விழும். தரையில் துணி இல்லையென்றால் அவை சிமெண்ட் நிறத்தில் கரைந்துபோகும், நீங்களே மிதித்தும்விடுவீர்கள்.

பல்பைத் துணிக்கு முன்னால் ஒரு சாண் தள்ளித் தொங்கவிடுங்கள். புற ஊதா விளக்கை நேராக உற்றுப் பார்க்க வேண்டாம், கண்ணுக்குக் கெடுதல். மாடியின் மற்ற விளக்குகளை அணைத்துவிடுங்கள். படிக்கட்டு விளக்கு எரிந்தால் பாதிப் பூச்சி அங்கே போய்ப் பல்லிக்கு இரையாகும்.

நிறையப் பேர் செய்யும் தவறு கொசுவர்த்தியும் கொசுவிரட்டி லிக்விடும். கொசுவுக்குப் பயந்து ஏற்றிவைத்துவிட்டு "ஒன்றுமே வரவில்லையே" என்பார்கள். கொசுவை விரட்டும் மருந்து அந்தையும் விரட்டும், கொல்லும். முழுக்கைச் சட்டை போட்டுக்கொள்ளுங்கள், அதுதான் வழி.

துணியில் ஒல்லியாக, எறும்பைப் போல, கருப்பும் செம்மஞ்சளும் மாறி மாறி இருக்கும் ஒரு வண்டு ஓடினால் கையால் நசுக்காதீர்கள். அதன் உடல் நீர் பட்ட இடம் மறுநாள் தீக்காயம் போலச் சிவந்து கொப்புளமாகும். ஊதித் தள்ளினால் போதும்.

5. காத்திருத்தல்

இருட்டுவதற்குக் கால் மணி முன்னால் விளக்கைப் போடுங்கள். முதல் அரை மணி கொசு, ஈசல், தத்துப்பூச்சிதான். எழுந்து போய்விடாதீர்கள். ஏழரையிலிருந்து ஒன்பது வரை சிறு அந்துகள் வருகின்றன. நேரத்துக்கு நேரம் வருகிறவை மாறும். அதனால் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை துணியின் இரண்டு பக்கமும், தரையும், பின்சுவரும் பாருங்கள். வெட்கப்படும் சில பூச்சிகள் துணிக்கே வராமல் சுவரில் நிழல் விழும் இடத்தில் உட்காரும்.

6. படம்: பெயரைத் தீர்மானிக்கும் இடம்

இங்கே அவசரப்பட்டால் மற்ற எல்லாம் வீண். ஒரு பூச்சிக்கு ஒரு படம் போதாது. எடுக்கும் வரிசையும் முக்கியம், ஏனென்றால் எந்தப் படத்தின்போது அது பறக்கும் என்று சொல்ல முடியாது.

முதல் படம் தூரத்திலிருந்து, எப்படி உட்கார்ந்திருக்கிறது என்று தெரிந்தால் போதும். இது காப்பீடு.

இரண்டாவது நேர் மேலிருந்து. போன் துணிக்கு இணையாக இருக்க வேண்டும். சாய்த்து எடுத்தால் இறக்கையின் ஒரு பாதி மங்கிப்போய், கோடுகள் எங்கே வளைகின்றன என்பது தெரியாது. சிறு அந்துகளில் பெயரைச் சொல்வது பெரும்பாலும் அந்தக் கோட்டின் வளைவுதான்.

மூன்றாவது பக்கவாட்டில். புதியவர்கள் விடுவது இதைத்தான். மூக்கு போல முன்னால் நீண்டிருக்கும் உறுப்பு, கால்களின் நீளம், வாலைத் தூக்கியிருக்கிறதா என்பதெல்லாம் மேலிருந்து பார்த்தால் தெரியாது. நான்காவது உணர்கொம்பு: நூல் போலவா, இறகு போலவா.

ஐந்தாவது அடிப்பக்கம். குங்கும டப்பாவை மெதுவாகக் கவிழ்த்து, துணிக்கும் டப்பாவுக்கும் நடுவே ஒரு அட்டையைச் செருகிப் பிடியுங்கள். ஐந்து நிமிடம் இருட்டில் வைத்தால் அடங்கிவிடும். அப்போது அடியிலிருந்து எடுக்கலாம். சிலர் ஃபிரிட்ஜில் வைக்கச் சொல்வார்கள். மறந்துபோய்க் காலையில் எடுத்தவர்களையும் எனக்குத் தெரியும். அது வேண்டாம்.

போன் ஃபிளாஷை நேராக அடித்தால் வெள்ளை அந்து வெறும் வெள்ளைப் பொட்டாகிவிடும். டார்ச்சின் முன் ஒரு டிஷ்யூ பேப்பரைப் பிடித்துப் பக்கவாட்டிலிருந்து வெளிச்சம் விடுங்கள். போனில் மாட்டும் கிளிப் லென்ஸ் போட்டால் இரண்டு மூன்று சென்டிமீட்டர் கிட்டே போக வேண்டியிருக்கும். மூச்சு மேலே பட்டால் பறக்கும், அதனால் மூச்சைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

கையில் ஒட்டும் தூள் விஷம் என்று எதிர்வீட்டுப் பையன் பயந்தான், அவன் பாட்டி சொன்னாராம். அது இறக்கைச் செதில், விஷமில்லை. ஆனாலும் தொடாதீர்கள். செதில் உதிர்ந்தால் கோடுகளும் கூடவே போய்விடும். அரிப்பு உண்டாக்குவது கம்பளிப்பூச்சியின் முடி, அதைத் தொடாமல் இருந்தால் சரி.

7. அளவும் குறிப்பும்

கிராஃப் தாளைப் பக்கத்தில் வைத்து இன்னொரு படம். அளவில்லாத படத்தில் ஒரு சென்டிமீட்டர் பூச்சியும் மூன்று சென்டிமீட்டர் பூச்சியும் ஒன்றுபோலத்தான் இருக்கும். தோளிலிருந்து முன்னிறக்கை நுனி வரை அளந்தால் போதும். உட்கார்ந்திருக்கும் பூச்சியை விரித்து அளக்க முடியாது.

குறிப்பை அங்கேயே எழுதுங்கள். என் நோட்டில் ஒரு வரி இப்படி இருக்கும்: "செப். 21, இரவு 8.10, மேகம், காற்றில்லை. கீரைத் தொட்டியிலிருந்து கிளம்பித் துணிக்கு வந்தது. முன்னிறக்கை 10 மி.மீ. தட்டையான முக்கோணம்." நாளைக் காலையில் எழுதலாம் என்று விட்டால் எட்டுப் பூச்சிகளும் ஒன்றோடொன்று குழம்பிவிடும்.

சமையலறையில் இருந்து வந்ததா என்பதையும் குறியுங்கள். அந்து என்றாலே நம் வீடுகளில் அரிசியில் வருவதுதானே. ரவை டப்பாவில் நூலாம்படை கட்டியிருந்தால், மாடிக்கு வந்த அந்தச் சாம்பல் பூச்சி தோட்டத்து விருந்தாளி அல்ல, உங்கள் வீட்டு ஆள்.

8. விளக்கை அணைப்பது

பத்து மணிக்கு அணைத்துவிடுங்கள். விடிய விடிய எரியவிட்டால் பூச்சிகள் துணியிலேயே தங்கிவிடும், காலையில் மைனாக்கள் வந்து ஒன்று விடாமல் கொத்தும். ஒரு இரவே அவற்றுக்குப் பெரிது. அணைத்துவிட்டு வேட்டியைச் செடிகளின் பக்கம் மெதுவாக உதறுங்கள். அடுத்த நாளே மறுபடி போட வேண்டாம், வாரத்துக்கு ஒரு முறை போதும்.

9. இனி பெயர்

முதலில் அது அந்துதானா என்று பாருங்கள். எனக்கு வரும் படங்களில் அடிக்கடி வருவது குளியலறைச் சுவரில் இதய வடிவில் உட்கார்ந்திருக்கும் மயிரடர்ந்த குட்டிப் பூச்சி. அது ஈ வகை, சாக்கடைக் குழாயில் வளர்வது. சுவரில் பூசணி விதை போல ஒரு பை நகர்ந்தால் அது அந்துதான், கூட்டைச் சுமந்து திரியும் புழு. இரண்டு முனையிலும் தலையை நீட்டும். ஒட்டடையும் முடியும்தான் தின்னும், விட்டுவிடுங்கள்.

அடுத்தது தோரணை. தட்டையான முக்கோணமும் நீண்ட கால்களும் என்றால் கிராம்பிடே குடும்பத்தைப் பாருங்கள், மேலே சொன்ன கீரை, கத்தரி, பாகல் பூச்சிகள் எல்லாம் அங்கேதான். மணி வடிவம் என்றால் டார்ட்ரிசிடே. 'டி' வடிவம் இறகு அந்து. நாலு இறக்கையையும் சுவரோடு ஒட்டி விரித்திருந்தால் ஜியோமெட்ரிடே. பீடி சுருட்டியது போல உடம்பைச் சுற்றியிருந்தால் பல குடும்பங்கள் உண்டு, அவசரப்படாதீர்கள். விதிவிலக்கு எல்லாவற்றிலும் இருக்கிறது. ஆனால் குடும்பம் தெரியாமல் இனத்துக்குத் தாவினால் ஆயிரக்கணக்கான பெயர்களில் கண்ணைக் கட்டிக்கொண்டு துழாவ வேண்டியிருக்கும்.

மூன்றாவது ஊர். இதைச் சொல்ல ஒரு கதை இருக்கிறது. தோழி ஒருத்தி குடகுக்குப் போன இடத்தில் பகலில் பறந்த ஒரு கருப்பு அந்தைப் படம் எடுத்தாள். இறக்கையில் வெள்ளைப் பொட்டுகள், வயிற்றில் மஞ்சள் வளையங்கள். செயலி சொன்ன பெயர் நிக்டெமெரா அன்னுலாட்டா. சந்தோஷமாகப் பதிந்துவிட்டாள். அது நியூசிலாந்துத் தீவுகளுக்கே உரிய இனம். அங்கே காட்டோரத்திலும் வீட்டுத் தோட்டத்திலும் சாதாரணமாகப் பறப்பது, மாவோரி மக்கள் மொகரகரா என்பார்கள். அதன் புழு அங்கே தின்னும் செடிகள் சினரேரியா, கிரவுண்ட்செல் போன்றவை. கடல் தாண்டிக் குடகுக்கு வர அதற்கு வழியில்லை. ஆனால் அதே பேரினத்தை, அதாவது பெயரின் முதல் சொல்லான நிக்டெமெராவைச் சேர்ந்த வேறு இனங்கள் இந்தியாவில் உண்டு. பேரினம் வரை செயலி சரியாகத்தான் சொல்லியிருந்தது.

தப்பு எங்கே நடந்தது என்று தேடினோம். படத்தை அவள் வாட்ஸ்அப்பில் தன் இன்னொரு போனுக்கு அனுப்பி, அங்கிருந்து ஏற்றியிருந்தாள். வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் எடுத்த இடமும் நேரமும் அழிந்துவிடும். இடம் தெரியாத செயலி உலகம் முழுக்கத் தேடியிருக்கிறது. படமெடுத்த போனிலிருந்தே ஏற்றுங்கள். முடியாவிட்டால் டாக்குமென்ட்டாக அனுப்புங்கள், அல்லது இடத்தையும் தேதியையும் கையால் போடுங்கள். அதன் பிறகே பரிந்துரையைக் கேளுங்கள்.

சின்னத் தீவுகளில் மட்டும் வாழும் இனங்களின் பெயர் வந்தால் எப்போதும் சந்தேகப்படுங்கள். ஹவாய்த் தீவுகளில் மட்டும் ஹைபோஸ்மோகோமா என்ற பேரினத்தில் முந்நூறுக்கும் மேற்பட்ட இனங்கள் இருக்கின்றன, புழுக்கள் கூட்டைச் சுமந்து திரிகிறவை. நம் சுவரில் நகரும் பூசணி விதைக்கு அந்தப் பெயரைப் போட்டுவிடுவது எளிது. அது வேறு குடும்பம், வேறு கடல்.

நான்காவது, மாத்ஸ் ஆஃப் இந்தியா இணையதளத்தில் அந்தப் பேரினத்தின் படங்களை உங்கள் படத்தோடு கோடு கோடாக ஒப்பிடுங்கள். கடைசியாகச் செடி. பாகல் அந்து என்று முடிவு செய்கிறீர்கள், மாடியிலோ பக்கத்து வீட்டிலோ பாகல், வெள்ளரி, பூசணி ஒன்றுமே இல்லை என்றால் மறுபடி பாருங்கள். அந்து பறந்து வரும்தான், இருந்தாலும் பாருங்கள்.

இவ்வளவுக்குப் பிறகும் இனம் தெரியவில்லை என்றால் பேரினத்தோடோ குடும்பத்தோடோ நிறுத்துங்கள். பல சிறு அந்துகளை இனப்பெருக்க உறுப்பைப் பிரித்துப் பார்த்தால்தான் பிரித்தறிய முடியும், எந்தப் படமும் உதவாது. "கிராம்பிடே" என்று சரியாகப் பதிவது தப்பான முழுப் பெயரை விட ஆயிரம் மடங்கு மேல்.

10. பதிவேற்றம்

உயிரினங்களின் படங்களைப் பதிந்து பெயர் கேட்கும் ஐநேச்சுரலிஸ்ட் தளத்தில் ஒரு பூச்சியின் எல்லாப் படங்களையும் ஒரே பதிவில் சேருங்கள். நாலு படத்தை நாலு பதிவாகப் போட்டால் நாலு பூச்சி என்று கணக்காகும். இரண்டு பூச்சிகளை ஒரே பதிவில் போடுவது அதைவிட மோசம். வீட்டின் துல்லியமான இடத்தை மறைக்கும் வசதி இருக்கிறது, போட்டுக்கொள்ளுங்கள். ஊர் தெரிந்தால் போதும்.

வேறொருவர் வந்து பெயரை மாற்றினால் கோபம் வேண்டாம், உடனே ஒத்துக்கொள்ளவும் வேண்டாம். எதை வைத்துச் சொல்கிறீர்கள் என்று கேளுங்கள். பெயர் சொன்னவர்களில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் ஒத்துப்போனால் அது ஆய்வுத் தரப் பதிவாகிவிடும், அதை ஆராய்ச்சிக்கு எடுத்துப் பயன்படுத்துகிறவர்கள் இருக்கிறார்கள். மரியாதைக்காகத் தலையாட்டுவது அங்கே ஆபத்து.

மாடியில் பழகிவிட்டுக் காட்டுக்குப் போக ஆசை வரும். சரணாலயத்துக்குள் வனத்துறை அனுமதியில்லாமல் இரவில் விளக்குப் போடுவதோ பூச்சியைப் பிடித்துக்கொண்டு வருவதோ சட்டப்படி குற்றம். பெங்களூர் லால்பாக் பூங்காவையும் இரவில் பூட்டிவிடுவார்கள். அதனால் சனிக்கிழமை இரவு நண்பர்கள் வீட்டு மாடிகளைச் சுற்றி வாருங்கள், ஒவ்வொரு மாடியிலும் வேறு செடி, வேறு பூச்சி.

11. மறுநாள் காலை வேட்டி

துவைக்கப் போடுவதற்கு முன் வெயிலில் பிடித்து ஒரு முறை பாருங்கள். சில பெண் அந்துகள் துணியிலேயே முட்டையிட்டிருக்கும், கசகசா ஒட்டினாற்போல வரிசையாகவோ கொத்தாகவோ தெரியும். படமெடுத்துவிட்டு அந்த ஓரத்தை மெதுவாகச் சுரண்டி ஒரு டப்பாவில் வையுங்கள், மாடியிலிருக்கும் செடிகளின் இலையை ஒவ்வொரு துண்டு போட்டு. எந்த இலையைத் தின்கிறது என்று தெரிந்தால், முந்தைய இரவு குடும்பத்தோடு நிறுத்திய பதிவைத் திறந்து இன்னும் ஒரு படி கீழே இறங்கலாம். பழுப்புக் கறைகள் சலவைத்தூளில் முழுதாகப் போகாது, அதனால் இந்த வேட்டியைத் தனியாக மடித்து வையுங்கள். என் அப்பா ஊரிலிருந்து வந்தபோது அலமாரியிலிருந்து இதை எடுத்துக் கட்டிக்கொண்டு கோயிலுக்குக் கிளம்பிவிட்டார்.